கடைசி ஆள் முடித்ததும் விசில்

மார்ச் 4

அக்கா,

தபால்ல கடுதாசியப் பாத்ததும் வீட்ல யாருக்கு என்ன ஆச்சோன்னு பதறாத. எல்லாரும் குத்துக்கல்லாட்டம் இருக்கோம். நீ என்னை போன்ல பிளாக், மெசேஜ்ல பிளாக், எல்லா ஆப்லயும் பிளாக். மிச்சம் இருந்தது தபால் பெட்டி ஒண்ணுதான். ஸ்டாம்பை எந்த மூலைல ஒட்டணும்னு கேட்டதுக்கு தபால் ஆபீஸ்காரர் என்னை மியூசியத்துல பொருளப் பாக்கற மாதிரி பாத்தார். இது நாலாவது பேப்பர். பேப்பர்ல அழிக்கிற பட்டன் இல்லையே!

சரி, விஷயத்துக்கு வரேன். உன் பிறந்தநாளுக்குன்னு ‘நடந்து சாப்பிடலாம்’ல ரெண்டு சீட் போட்டிருந்தேன் இல்ல? நீயும் நானும் சேர்ந்து போறதுக்கு? அந்த சீட்டு அப்படியே இருக்கு. உங்க ஊர்லதான், இந்த மாசம் மூணாவது ஞாயித்துக்கிழமை. எட்டே எட்டு பேர், ஒரு சாயங்காலம், நடந்துக்கிட்டே அஞ்சு கடை. நடத்தறது யாரு? கண்டக்டரம்மா!!! நான் எத்தனை தடவை சொல்லிருக்கேன்? முன்னாடி நிஜமாவே பஸ் கண்டக்டரா இருந்தவங்க. இப்போ கழுத்துல அதே விசில மாட்டிக்கிட்டு சந்து சந்தா கூட்டிட்டுப் போறாங்க. அவங்க போட்ட வீடியோ ஒண்ணு விடாம பாத்திருக்கேன். ஒரு வீடியோல என் கமெண்டுக்கு இதயம் வேற போட்டிருக்காங்க. அத நான் ஸ்க்ரீன்ஷாட் எடுத்து வெச்சிருக்கேன்.

நான் வந்தா மூஞ்சிய பாக்க மாட்டேன்னு சொல்லிட்ட. சரி, நான் வரல. நீ மட்டுமாவது போ. போயிட்டு எனக்கு ஒவ்வொரு வாயா எழுது.

நீ சாப்பிடறத நான் போட்ட அந்த வீடியோ பத்தி: அதுல நான் பொய்யா ஒண்ணும் போடலையே? நீ ஒரு ரொட்டி சாப்பிட்ட. பக்கத்துல பூனை தூங்குச்சு, எழுந்துச்சு, மறுபடி தூங்குச்சு. நான் வேகமா ஓட்டி ‘ஆமை அக்கா’ன்னு பேர் வெச்சேன், அவ்வளவுதான். லட்சம் பேர் சிரிச்சாங்க. லட்சம் பேர் சிரிக்கிறது தப்பா?

உன் ஒரே தங்கச்சி
(வேற ஸ்டாக் இல்ல)

மார்ச் 10

வாலுக்கு,

கடிதம் வந்தது. ஸ்டாம்பைத் தலைகீழாக ஒட்டியிருக்கிறாய். உறை முழுக்கப் பசை.

லட்சம் பேர் சிரித்தது தப்பா என்று கேட்டிருக்கிறாய். அந்த லட்சத்தில் எங்கள் பல்செட் லேபில் இருப்பவர்கள் ஒன்பது பேர். நான் இந்த ஊருக்கு வந்து வேலையில் சேர்ந்து அப்போதுதான் இரண்டு வாரம் ஆகியிருந்தது. யாருக்கும் என் பேரே சரியாகத் தெரியாது. காலையில் போய் உட்கார்ந்தால், நான் பல்செட் அச்சு வார்க்கும் தட்டில் ஒரு பிளாஸ்டிக் ஆமை. மதியம் டப்பாவைத் திறந்ததும் மெழுகுப் பிரிவில் இருக்கிறவன் வாட்சைப் பார்த்து, “ஆமை அக்கா ஸ்டார்ட் பண்ணிட்டாங்க, எல்லாரும் போய்த் தூங்கிட்டு வாங்கப்பா” என்றான். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். சிரிக்காவிட்டால் கோபக்காரி என்று இன்னொரு பேர் வரும்.

அன்றிலிருந்து பிளாஸ்டர் மூட்டை அடுக்கியிருக்கும் அறையில் நின்றுகொண்டு சாப்பிடுகிறேன். பாதியில் மூடிவிடுகிறேன். நாள் முழுக்க மற்றவர்கள் மெல்லுவதற்குப் பல் செய்துகொடுத்துவிட்டு, நான் மெல்லுவதற்கு ஒளிந்துகொள்கிறேன். இதையும் வீடியோவாகப் போடு, நன்றாக ஓடும்.

இந்த அழகில் முன்பின் தெரியாத ஆறு பேர் நடுவில் போய்ச் சாப்பிடச் சொல்கிறாய். ஐந்து கடை. ஒவ்வொரு கடையிலும் ஆறு பேர் என் வாயையே பார்த்துக்கொண்டு நிற்பார்கள். நான் போகவில்லை. சீட்டை வேறு யாருக்காவது கொடு.

அந்த வீடியோவை நீக்குகிற வரைக்கும் போனில் பேச ஒன்றும் இல்லை.

அம்மா முட்டிக்குத் தைலம் தேய்க்கிறாளா?

அக்கா

மார்ச் 14

அக்கா,

மூட்டை ரூம் விஷயம் எனக்குத் தெரியாது. சத்தியமா. நீ அன்னிக்கு போன்ல “நல்லா இருடி” மட்டும் சொல்லிட்டு வெச்சிட்ட. நான் என்னத்த கண்டேன்?

ஆனா நீக்கறது... அக்கா, அந்த ஒரு வீடியோலதான் என் சேனலே நிக்குது. அதுக்கு முன்னாடி என்னைப் பாத்தது பதினொரு பேர், அதுல மூணு நானே. இப்போ கடைல போனுக்கு கண்ணாடி ஒட்டிக்கிட்டு இருக்கறப்ப கஸ்டமர் கேக்கறாங்க, “நீங்க ஆமை அக்கா தங்கச்சியா?”ன்னு. என் வாழ்க்கைல யாரும் என்னை எதுவாவும் கேட்டதில்ல. யோசிக்கிறேன். கொஞ்சம் டைம் குடு.

சீட்டை வேற பேருக்கு மாத்த முடியாது, கேட்டுப் பாத்துட்டேன். எழுத்து மூலமா பதில் போட்டாங்க கண்டக்டரம்மா: “ஏறுற ஆள் ஏறணும், அவ்வளவுதான்.” (செத்துட்டேன் நான். அவங்களே டைப் பண்ணினது!!!)

உன் கடுதாசிய அம்மாகிட்ட படிச்சுக் காட்டினேன். அப்புறம் சொன்னா, “அவ சின்ன வயசுலேர்ந்தே அப்படித்தான். நாமதான் அவளை விட்டுட்டு எழுந்து எழுந்து போயிட்டோம்.” அப்புறம் எனக்கு ஒரு குட்டு. அப்புறம், “அவளைப் போகச் சொல்லு. போகலன்னா நான் பொட்டிய தூக்கிட்டு அங்க வந்து உக்காந்துடுவேன்னு எழுது.” எழுதிட்டேன். முட்டி வலியோட அம்மா உன் ஒத்தைக் கட்டில்ல. யோசிச்சுக்கோ.

தைலம் தேய்க்கிறா. டிவி ரிமோட்டுலயும் கொஞ்சம் தேய்ச்சிருக்கா.

வாலு

மார்ச் 21

வாலு,

போனேன். உனக்காக இல்லை, அம்மா பெட்டியைத் தூக்கிவிடுவாளோ என்ற பயத்தில்.

நீ ஒவ்வொரு வாயாக எழுதச் சொன்னாய். பொறுமையாகப் படி. எனக்கு எதையும் வேகமாகச் செய்ய வராது என்பது லட்சம் பேருக்குத் தெரியும்.

பழைய சினிமாக் கொட்டகை வாசலில் கூடச் சொல்லியிருந்தார்கள். உன் கண்டக்டரம்மா குள்ளம். வீடியோவில் உயரமாகத் தெரிகிறார் என்று நீ சொல்லுவாய், இல்லை. ஆனால் குரல் மூன்று தெருவுக்குக் கேட்கும். கையில் சீட்டுக் கட்டு. “கூட ஒரு ஆள் போட்டிருக்கே, எங்க?” என்றார். “வரல” என்றேன். ஒரு சீட்டைக் கிழித்து என்னிடம் கொடுத்துவிட்டு, இன்னொன்றைக் கிழிக்காமல் பைக்குள் போட்டுக்கொண்டார்.

உன் இடம் காலி என்பதால் ஏழு பேர்தான். புதுசாகக் கல்யாணமான ஜோடி ஒன்று, இரண்டு பேர் கையிலும் போன். நர்ஸ் அம்மாக்கள் மூன்று பேர், டூட்டி முடிந்து அதே செருப்போடு வந்திருந்தார்கள். பெரிய மீசையோடு ஒரு பெரியவர், ரயில் ஓட்டி ரிட்டையர் ஆனவராம். அப்புறம் நான்.

முதல் கடை சூப். கிண்ணம் விளிம்பு வரைக்கும். மிளகு வாசனை தெருமுனையிலேயே வந்துவிட்டது. கூடவே ஓரம் கருகின ரொட்டி. நல்ல ருசி. நான் ரொட்டியைப் பிய்த்து நான்காவது துண்டு நனைக்கிறபோது விசில். “ரைட்டு, ரைட்டு! முன்னால போங்க, முன்னால போங்க!” எல்லோரும் எழுந்துவிட்டார்கள். பாதிக் கிண்ணத்தை வைத்துவிட்டு நானும் எழுந்தேன்.

இரண்டாவது கடை, கரியில் சுட்ட உருளைக்கிழங்கு. வெண்ணெய் வைத்து, உப்புத் தூவி. சூடு. ஊதி ஊதிச் சாப்பிடத் தொடங்கினேன். அப்போதுதான் அந்தப் புதுப்பெண் என்னையே பார்த்தாள். புருஷன் விலாவில் இடித்தாள். “ஏய், இவங்க... அக்கா, நீங்க ஆமை அக்காதானே!”

வாலு, அந்த நேரம் எனக்கு எப்படி இருந்தது என்று எழுதப் போவதில்லை. நர்ஸ் அம்மாக்கள் “என்ன ஆமை?” என்று கேட்க, அவள் போனைத் தேட ஆரம்பித்தாள். நான் தட்டை வைத்துவிட்டு கண்டக்டரம்மாவிடம் போய், “நான் கிளம்பறேங்க” என்றேன்.

“ஏன்? வயித்து வலியா?”

“இல்லைங்க. நான் சாப்பிட நேரமாகும். எல்லாருக்கும் லேட் ஆகும்.”

“அப்ப சூப்பு?”

“பாதி.”

“கிழங்கு?”

“கால்.”

அவர் முகம் மாறிவிட்டது. என் மேல் கோபம் என்று நினைத்தேன். “இத்தனை வருஷ சர்வீஸ்ல கடைசி ஆள் ஏறாம நான் விசில் குடுத்ததே இல்ல. இன்னிக்கு ரெண்டு தடவை குடுத்திருக்கேன். அசிங்கம்” என்றார். கழுத்திலிருந்து விசிலைக் கழற்றி என் கையில் வைத்தார். “இந்தா. நீ முடிச்சதும் நீயே ஊது. அதுவரைக்கும் வண்டி நகராது.” திரும்பி எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, “அவசரம் இருக்கறவங்க ஆட்டோல போகலாம்!”

ஒருவரும் ஆட்டோவைத் தேடவில்லை. நர்ஸ் அம்மாக்களில் மூத்தவர், “ஐயோ, தாராளமா சாப்பிடும்மா. நாங்க உக்காந்தே எட்டு மணி நேரமாச்சு” என்று நடைபாதைக் கட்டையில் சரிந்தார்.

கிழங்கை முழுசாகச் சாப்பிட்டேன். தோலோடு. தோல்தான் நன்றாக இருந்தது. அப்போதுதான் கவனித்தேன், மீசைக்காரர் தன் கிழங்கைக் காகிதத்தில் சுற்றிக் கோட்டுப் பைக்குள் தள்ளுகிறார். பை ஏற்கெனவே புடைத்திருந்தது. சூப் கடை ரொட்டியும் அங்கேதான் போயிருக்கிறது. நான் அவர் தாடையைப் பார்த்தேன். வேலை புத்தி. இடது பக்கம் மட்டும் மெல்லுகிறார், மெல்லும்போது உதடு இழுக்கிறது. பக்கத்தில் போய் மெதுவாக, “மேல் செட் புதுசாங்க? கடிச்சா வலது பக்கம் தூக்குதா?” என்றேன். அவர் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, “உனக்கு எப்படிம்மா தெரியும்?” என்றார். “நான் பல்செட் லேப்ல இருக்கேன். அது உங்க தப்பு இல்ல, செட்டோட தப்பு. வலது பக்கம் ஒரு இடத்துல லேசா ராவிக் குடுத்தா சரியாயிடும். இப்போதைக்கு சின்னச் சின்னதா, ரெண்டு பக்கமும் வெச்சு மெல்லுங்க. அவசரமே இல்ல. விசில் என்கிட்ட இருக்கு.”

அவர் பையிலிருந்து கிழங்கை வெளியே எடுத்தார்.

மூன்றாவது கடையில்தான் மானம் போனது. பொரித்த மீன். கடையை ஒட்டி பஸ் ஸ்டாப். முள் எடுத்து, எலுமிச்சை பிழிந்து, நானும் மீசைக்காரரும் போட்டி போட்டுக்கொண்டு மெதுவாகச் சாப்பிட்டோம். கடைசித் துண்டை அவர் முடித்தார், நான் முடித்தேன். எனக்கு வந்த சந்தோஷத்தில் விசிலை எடுத்து பலம் கொண்ட மட்டும் இரண்டு தரம் ஊதினேன்.

ஸ்டாப்பில் நின்ற பஸ் கிளம்பிவிட்டது.

அதன் கண்டக்டர் பக்கத்துக் கடையில் டீ குடித்துக்கொண்டிருந்தார். கிளாசோடு ஓடினார். அவர் பின்னால் உன் கண்டக்டரம்மா ஓடினார். என்ன ஓட்டம் தெரியுமா! எட்டிப் பிடித்து பஸ்ஸின் பின்பக்கத்தைத் தட்டின தட்டில் அது திருப்பத்தில் போய் நின்றது. டிரைவர் தலையை நீட்டி, “எவன்யா விசில் குடுத்தது?” என்று கத்தினார். மீன் கடைக்காரர் உட்பட நாங்கள் எல்லோரும் வானத்தைப் பார்த்தோம். மீசைக்காரர் சிரித்த சிரிப்பில் மேல் செட் கழன்று கையில் வந்துவிட்டது. நான் வாங்கிப் பார்த்தேன். நல்லவேளை, எங்கள் லேப் வேலை இல்லை.

மிச்ச இரண்டு கடையைப் பற்றி அப்புறம் எழுதுகிறேன், கை வலிக்கிறது. வயிறு நிறைந்து வீட்டுக்கு வந்தேன். இந்த ஊருக்கு வந்து முதல் தடவை.

அக்கா

மார்ச் 27

அக்கா!!!!

விசில் உன் கைல! அந்த விசில்! நான் ஸ்க்ரீன்ல தொட்டுப் பாத்த விசில்! பொறாமைல எனக்கு சோறு இறங்கல. (இறங்குச்சு. ஆனா லேட்டா இறங்குச்சு.) பஸ் கிளம்பின இடத்த அம்மாவுக்கு மூணு தடவை படிச்சுக் காட்டினேன். மூணு தடவையும் “அடிப் பாவி, டிரைவர் வேலை போயிருந்தா?”ன்னு கேட்டுட்டு விழுந்து விழுந்து சிரிச்சா.

ஆனா நான் இப்ப எழுதறது கோவத்துல.

உன் கடுதாசி வர்றதுக்கு முன்னாடியே எனக்குத் தெரியும், நீ போயிருக்கேன்னு. எப்படி? அந்த ஜோடி இருக்கே, புதுசா கல்யாணம் ஆனது, அவங்க வீடியோ போட்டிருக்காங்க! நீ மீன் சாப்பிடற. விசில் ஊதற. பஸ் ஓடுது. சரி, அது சிரிப்புதான், நானும் சிரிச்சேன். அப்புறம் கீழ எறங்கி கமெண்டு படிச்சேன். ஒருத்தன் எழுதியிருக்கான், “இது மெல்லுறதப் பாத்தா தூக்கம் வருது”ன்னு. ‘இது’வாம்! இன்னொருத்தி, “இவளக் கட்டிக்கிறவன் பாவம்.” எனக்கு காது சூடாயிடுச்சு அக்கா. கடைல கஸ்டமர் நிக்கிறாங்க, நான் பாட்டுக்கு டைப் பண்றேன். உங்க வீட்ல அக்கா தங்கச்சி இல்லையா, அவ எவ்வளவு பொறுமைசாலி தெரியுமா, நான் பரீட்சைல ஃபெயில் ஆனப்ப ரெண்டு மணி நேரம் பக்கத்துல உக்காந்து ஒரே தட்டுல சாப்பிட்டா தெரியுமா, அப்படி இப்படின்னு ஒவ்வொருத்தருக்கா பதில் போட்டேன். ஒரு போன் கண்ணாடிய கோணலா வேற ஒட்டிட்டேன்.

அதுல ஒருத்தன் எனக்கு பதில் போட்டான். ஒரு லிங்கு. தொறந்து பாத்தா என்னோட வீடியோ. கீழ எழுதியிருக்கான், “இதப் போட்டது நீதானே?”

போன கவுத்து வெச்சுட்டேன்.

அத விடு. அந்த ஜோடிய சும்மா விடக் கூடாது. யாரு அவங்க உன்னை எடுக்க? நீ சரின்னு ஒரு வார்த்தை சொல்லு, நான் பாத்துக்கறேன்.

வாலு

ஏப்ரல் 3

வாலு,

அந்தப் பிள்ளைகளை ஒன்றும் சொல்லாதே.

அவர்கள் எடுப்பதற்கு முன் கேட்டார்கள். மீன் கடையில் அந்தப் பெண் என் பக்கத்தில் வந்து குந்தி உட்கார்ந்து, “அக்கா, அப்ப அப்படிக் கத்தினதுக்கு மன்னிச்சுக்கோங்க. இப்ப எடுக்கலாமா? வேணாம்னா போனை உள்ள வெச்சிடறேன்” என்றாள். நான் கொஞ்ச நேரம் யோசித்தேன். மென்றுகொண்டேதான் யோசித்தேன். அவள் காத்திருந்தாள். சரி என்றேன். போடுவதற்கு முன்னால் எனக்குக் காட்டினாள், அதற்கும் சரி என்றேன். கமெண்டு எதையும் நான் படிக்கவில்லை. ஊரான் வாய்க்கு நான் பல் கட்ட முடியாது.

உன் மேல் எனக்கு என்ன கோபம் என்று இப்போது புரிகிறதா? வேகமாக ஓட்டினதோ, ஆமையோ, பூனையோ இல்லை. அன்றைக்கு நான் உன் எதிரில் உட்கார்ந்து சாப்பிட்டேன். நீ போனைப் பார்த்துக்கொண்டிருக்கிறாய் என்று நினைத்தேன். உன் எதிரில் சாப்பிடும்போது மட்டும்தான் நான் வேகமாகச் சாப்பிட முயற்சி பண்ணியதில்லை.

மிச்சக் கடை இரண்டு சொல்கிறேன் என்றேனே. நான்காவது, சுட்ட சோளம். ஐந்தாவது, ஐஸ்கிரீம். ஐஸ்கிரீமை மட்டும் என்னால் மெதுவாகச் சாப்பிட முடியவில்லை, முழங்கை வரை உருகிவிட்டது. நர்ஸ் அம்மா துடைத்துவிட்டார்.

நேற்று லேபில் மதியம், டப்பாவை எடுத்துக்கொண்டு எல்லோரும் உட்காருகிற பெஞ்சுக்கே போனேன். மெழுகுப் பிரிவுக்காரன் வாட்சைப் பார்த்தான். “நீ தூங்கப் போறதுன்னா போ. எனக்கு முடிய நேரமாகும்” என்றேன். போகவில்லை. அவன் டப்பா காலியான பிறகும் உட்கார்ந்து, அவன் வீட்டுக்காரி செய்கிற ஊறுகாயைப் பற்றி ஒரே புலம்பல். நான் பாட்டுக்கு மென்றேன்.

இன்னொன்று. அந்த மீசைக்காரர் திங்கட்கிழமை லேபுக்கே வந்துவிட்டார், டாக்டர் சீட்டோடு. வலது பக்கம் ராவிக் கொடுத்தேன். போகும்போது ஆப்பிளை எடுத்து என் முன்னாலேயே கடித்துக் காட்டிவிட்டுப் போனார்.

அக்கா

ஏப்ரல் 8

அக்கா,

இந்த தடவை ஒரே பேப்பர். ஒண்ணையும் கிழிக்கல.

நீக்கிட்டேன். உன் கடுதாசிய கடைலதான் படிச்சேன். மடிச்சு வெச்சுட்டு உடனே நீக்கிட்டேன். மறுநாள் ஒரு கஸ்டமர் வந்து, “ஆமை அக்கா வீடியோ காணோமே?”ன்னு கேட்டார். “அவங்க எங்க அக்கா. நான் கேக்காம போட்டுட்டேன்”னு சொன்னேன். “ஓ”ன்னார். அப்புறம், “அப்ப உங்க பேரு என்ன?”ன்னு கேட்டார். நல்லா இருந்துச்சு.

சேனல்ல இப்ப மறுபடியும் பழைய கூட்டம்தான். அம்மாவயும் சேர்த்து விட்டிருக்கேன். தெரியாம தன்னோட போன்ல தலைகீழா லைக் போடறா.

எனக்கு எதிர்ல உக்காந்து மட்டும்தான் மெதுவா சாப்பிடுவேன்னு எழுதிருந்த இல்ல. அந்த வரிய அம்மாகிட்ட படிச்சுக் காட்டல. அத நானே வெச்சுக்கிட்டேன்.

வாலு

ஏப்ரல் 14

வாலு,

நேற்று சந்தைப் பக்கம் கண்டக்டரம்மாவைப் பார்த்தேன். தெருவுக்கு அந்தப் பக்கத்திலிருந்தே கத்தினார், “என்னம்மா, இன்னிக்கு எந்த பஸ்ஸை அனுப்பப் போற?” பைக்குள் கையை விட்டு, அன்றைக்குக் கிழிக்காமல் வைத்த சீட்டை எடுத்துக் காட்டினார். “ஏறாத ஆளோட சீட்டை நான் கிழிக்கறதில்ல. எப்ப வரா?”

அடுத்த மாசம் முதல் ஞாயிறு என்று சொல்லிவிட்டேன். எனக்கும் ஒன்று போட்டாயிற்று. சனிக்கிழமையே வந்துவிடு. கட்டில் ஒற்றைக் கட்டில்தான், நீ கீழே படு. அம்மாவின் தைலத்தில் கொஞ்சம் எடுத்து வா, எனக்கும் நின்று சாப்பிட்டு முட்டி வலி வந்துவிட்டது.

விசில் என்னிடம்தான் இருக்குமாம். நீ எவ்வளவு வேகமாகத் தின்றாலும் பிரயோஜனமில்லை.

போனில் உன்னைத் திறந்துவிட்டேன். ஆனாலும் பதிலைத் தபாலிலேயே போடு. உன் கையெழுத்து இப்போதுதான் படிக்கிற மாதிரி வருகிறது.

அக்கா

ஏப்ரல் 19

அக்காஆஆஆ,

டிக்கெட் எடுத்தாச்சு, கடைல லீவு சொல்லியாச்சு. அம்மா உனக்கு ஒரு பை, கண்டக்டரம்மாவுக்கு ஒரு பை, அந்த டிரைவருக்கு ஒரு பை கட்டி வெச்சிருக்கா. டிரைவர எங்க போய் தேடறதுன்னு கேட்டா, “விசில் ஊதினா வருவார்”ங்கறா.

ஒண்ணே ஒண்ணு கேக்கணும். நிஜமா கேக்கறேன், எழுதியே கேக்கறேன், பாரு. அன்னிக்கு நீ சாப்பிடறத நான் வீடியோ எடுக்கலாமா? வேகமா ஓட்ட மாட்டேன். பூனை இல்ல, ஆமை இல்ல. நீ எவ்வளவு நேரம் சாப்பிடறியோ அவ்வளவு நேரம். போடறதுக்கு முன்னாடி காட்டுவேன். வேணாம்னா வேணாம்.

வாலு

ஏப்ரல் 24

வாலு,

சாப்பிட்டு முடித்ததும் சொல்கிறேன்.

அக்கா